ஈரானியர்களுக்கு ஆங்கிலேயர் மேல் ஏன் இவ்வளவு சந்தேகம்? 1953 மட்டும்தான் காரணமா?

நாணல்:

வணக்கம் நண்பர்களே. ஷார்ஜாவில் நான் வேலை பார்க்கும் இடத்துக்குப் பக்கத்தில் ஓர் ஈரானியர் மளிகைக்கடை வைத்திருக்கிறார். வயது அறுபதுக்கு மேல், சொந்த ஊர் லார் பக்கம். ரியால் மதிப்பு விழுந்தாலும் சரி, ஊரில் தேர்தல் குழப்பம் என்றாலும் சரி, தலையை ஆட்டிக்கொண்டு ஒரே வாக்கியம் சொல்வார்: "கார், கார்-எ இங்கிலீஸாஸ்த்." இங்கிலீஷ்காரன் வேலைதான் இது என்று அர்த்தம். அவருடைய சொந்த வழக்கம் என்று நினைத்திருந்தேன். அது ஈரான் முழுக்கப் புழங்கும் சொலவடை என்று பிறகுதான் தெரிந்தது.

இவ்வளவு ஆழமாக ஒரு சந்தேகம் எங்கிருந்து வந்தது? கேட்டால் எல்லாரும், பிரிட்டனும் அமெரிக்காவும் சேர்ந்து பிரதமர் மொசாதெக்கைக் கவிழ்த்த 1953 ஆட்சிக்கவிழ்ப்பைச் சொல்வார்கள். அது உண்மைதான். ஆனால் அங்கிருந்து பின்னோக்கிப் படித்துக்கொண்டே போனபோது நான் நின்ற இடம் வேறு: 1906-ஆம் ஆண்டு கோடையில் தெஹ்ரானில் இருந்த பிரிட்டிஷ் தூதரகத் தோட்டம்.

1905 டிசம்பரில், சர்க்கரை விலை ஏறிவிட்டது என்று வியாபாரிகளைப் பிடித்து உள்ளங்காலில் அடிக்க வைத்தார் தெஹ்ரான் ஆளுநர். அதில் ஒருவர் ஊரே மதித்த முதியவர். கடைவீதி கொதித்தது. அடுத்த ஜூலையில் மதத்தலைவர்கள் கோம் நகருக்குக் கிளம்பிவிட்டார்கள். தலைநகரில் மிஞ்சிய வியாபாரிகள் பிரிட்டிஷ் தூதரகத்திடம் அடைக்கலம் கேட்டார்கள். அதிகாரிகள் கோடைக்காக மலையடிவாரத்து குல்ஹக்கில் இருந்தார்கள். வந்தால் பலவந்தமாக வெளியேற்ற மாட்டோம் என்ற பொருளில் அங்கிருந்து பதில் வந்தது. முதலில் உள்ளே போனது ஐம்பது பேர்தான். மூன்று வாரத்துக்குள் அது 12,000-ஐத் தாண்டியது.

அந்தத் தோட்டத்தை நினைத்துப் பாருங்கள். ஒவ்வொரு தொழில்காரருக்கும் தனிக் கூடாரம். செருப்புத் தைப்பவர்களுக்கு ஒன்று, வாதுமைக்கொட்டை விற்பவர்களுக்கு ஒன்று, ஈயம் பூசுபவர்களுக்கு ஒன்று. காவலர் அறைக்குப் பின்னால் தற்காலிகச் சமையலறை போட்டு, ஆள் உள்ளே இறங்கி நிற்கலாம் போன்ற செப்பு அண்டாக்களை வட்டமாக வைத்துச் சமைத்தார்கள். தொழில்வாரியாகப் பந்தி. ஒரு வேளைச் சாப்பாடு பரிமாறி முடிக்க மூன்று மணி நேரம் ஆனது. ஒழுங்கையும் அவர்களே பார்த்துக்கொண்டார்கள். இரவில் கர்பலா துயரத்தைச் சொல்லி அழுகை. பூப்பாத்தி ஒன்றுகூட மிஞ்சவில்லை, எல்லாம் மிதிபட்டுப் போனது. மரப்பட்டைகளில் இறைவாசகங்களைச் செதுக்கி வைத்துவிட்டுப் போனார்கள்.

நீதிமன்றம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டு உள்ளே போனவர்கள், நாடாளுமன்றம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டு வெளியே வந்தார்கள். 1906 ஆகஸ்ட் 5 அன்று முசாஃபருத்தீன் ஷா இணங்கினார். அக்டோபரில் முதல் மஜ்லிஸ், அதாவது நாடாளுமன்றம், கூடியது. பிரிட்டிஷ் கொடிக்குக் கீழே பிறந்த பிள்ளை அது என்று சொன்னால் தப்பில்லை.

பதின்மூன்றே மாதம். 1907 ஆகஸ்ட் 31 அன்று பிரிட்டனும் ரஷ்யாவும் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் ஒப்பந்தம் போட்டு ஈரானை மூன்று மண்டலமாகப் பிரித்தன. வடக்கு முழுவதும் ரஷ்யாவின் செல்வாக்கு மண்டலம், தெஹ்ரானும் இஸ்ஃபஹானும் அதற்குள். பீர்ஜந்த், கெர்மான், பந்தர் அப்பாஸ் கோட்டுக்குத் தென்கிழக்கே பிரிட்டனுக்கு. நடுவில் இருந்தது பொது. ஈரானிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஒப்பந்தத்தின் முகவுரையில் மட்டும் பாரசீகத்தின் (ஈரானை அன்று அப்படித்தான் அழைத்தார்கள்) சுதந்திரத்தை மதிப்பதாக எழுதியிருந்தார்கள்.

நம்பவைத்துக் கழுத்தறுப்பது என்று நாம் சொல்வோமே, அதுதான் இது. 1953-க்கு வேர் இங்கே இருக்கிறது என்பது என் எண்ணம். உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

கலங்கரை:

நல்ல தொடக்கம். ஆனால் நீங்கள் நூறு வருடம் தாமதமாக ஆரம்பிக்கிறீர்கள் நாணல்.

ஜான் மால்கம் என்று ஒருவர். பதின்மூன்று வயதில் கிழக்கிந்தியக் கும்பினியின் மெட்ராஸ் ராணுவத்தில் சேர்ந்தவர், 1799 ஸ்ரீரங்கப்பட்டணப் போரிலும் இருந்தார். திப்பு வீழ்ந்த கையோடு, கவர்னர் ஜெனரல் வெல்லெஸ்லி அவரைப் பாரசீகத்துக்குத் தூது அனுப்பினார். பிரெஞ்சுக்காரனும் ஆப்கானியனும் இந்தியா பக்கம் வந்துவிடக் கூடாது என்பதுதான் கவலை. 1801-இல் ஃபத்ஹ் அலி ஷாவுடன் உடன்படிக்கை. ஈரானோடு பிரிட்டனுக்கு இருந்த உறவு, இந்தியாவுக்கு வேலி போடுகிற வேலையாகவே ஆரம்பித்தது. கடைசிவரை அப்படியேதான் நடந்தது.

1804-இல் ரஷ்யா காக்கசஸில் ஈரானோடு போரைத் தொடங்கியது. ஷா உதவி கேட்டார். பிரிட்டனோ நெப்போலியனுக்கு எதிராக ரஷ்யாவோடு கைகோத்திருந்தது, வரவில்லை. ஷா நெப்போலியனிடம் திரும்பி 1807 மே மாதம் ஃபிங்கன்ஸ்டைனில் உடன்படிக்கை செய்துகொண்டார். இரண்டே மாதத்தில் நெப்போலியன் தில்சித்தில் ரஷ்ய சாருடன் சமாதானமாகிவிட்டார். மறுபடி ஆங்கிலேயரிடம். 1814 உடன்படிக்கையில், ஐரோப்பிய நாடு ஏதாவது ஈரானைத் தாக்கினால் படை அனுப்புவோம், இல்லையென்றால் ஆண்டுக்கு 2 லட்சம் துமான் (ஈரானிய நாணயம்) தருவோம் என்று எழுதிக் கொடுத்தார்கள். ஈரான் முதலில் கை ஓங்கியிருக்கக் கூடாது என்பது நிபந்தனை.

1826-இல் போர் மறுபடி வந்ததும் அந்த நிபந்தனையைக் காட்டிக் கையை விரித்துவிட்டார்கள். 1828 துர்க்மன்சாய் உடன்படிக்கையில் ஈரான் ஏரவானையும் நக்சிவானையும் இழந்து, 2 கோடி வெள்ளி ரூபிள் தண்டமும் கட்ட வேண்டியதாயிற்று. பணத்துக்குத் தவித்த அந்த நேரத்தில் பிரிட்டன் 2 லட்சம் துமானைக் கொடுத்து, உதவி செய்வதாகச் சொன்ன ஷரத்துகளையே அடித்துவிடச் செய்தது. கழுத்து வரை கடனில் இருப்பவனிடம் போய், நீ எனக்காக வைத்திருக்கும் பத்திரத்தைக் கிழித்துவிடு, கொஞ்சம் காசு தருகிறேன் என்பதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

பழையபேட்டை:

ஒரு சந்தேகம். எதிரி நாட்டுத் தூதரகத்தில் போய் உட்காருவது எப்படி வழக்கமாயிற்று? நம் ஊரில் யாரும் அப்படிச் செய்ததாகக் கேட்டதில்லையே.

நாணல்:

அதற்கு அங்கே 'பஸ்த்' என்று பெயர். தர்காக்கள், அரண்மனை லாயம், பெரிய மதகுருவின் வீடு என்று சில இடங்களுக்குள் போய்விட்டால் ஆட்சியாளர் கை வைக்கக் கூடாது என்பது பழைய மரபு. தூதரகங்களும் காலப்போக்கில் அந்தப் பட்டியலில் சேர்ந்தன. ரஷ்யாவிடம் ஷா கடன்பட்டுக் கிடந்ததால் ரஷ்யத் தூதரகத்துக்குப் போக முடியாது. நாடாளுமன்றம் வைத்து ஆளும் நாடு, ரஷ்யாவுக்குப் போட்டி என்ற நம்பிக்கையில் பிரிட்டிஷ் வாசலுக்குப் போனார்கள். எதிரி வீடு என்று நினைத்து யாரும் போகவில்லை ஐயா. அதனால்தான் அந்த 1907 இவ்வளவு வலித்தது.

அச்சகத்தான்:

நான் கொஞ்சம் மாறுபடுகிறேன். தப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

ஈரானை உண்மையில் நொறுக்கியது ரஷ்யா. காக்கசஸை எடுத்தது ரஷ்யா. 1908 ஜூன் 23 அன்று மஜ்லிஸ் கட்டடத்தைப் பீரங்கியால் சுட்ட, ஷாவின் கோசாக் படைக்குத் தலைமை தாங்கிய லியாகோவ் ரஷ்ய அதிகாரி. ஈரானின் கணக்கு வழக்கைச் சீர்செய்ய வந்த அமெரிக்கர் மார்கன் ஷஸ்டரை 1911-இல் இறுதி எச்சரிக்கை கொடுத்து விரட்டியது ரஷ்யா. 1912-இல் மஷ்ஹதில் இமாம் ரெஸா தர்கா மீது குண்டு போட்டதும் ரஷ்யா. இத்தனைக்கும் மஜ்லிஸ் சுடப்பட்ட அன்று அரசியலமைப்பு இயக்கத்தைச் சேர்ந்த தகிசாதேயும் தெஹ்கோதாவும் உயிர் தப்ப ஓடியது பிரிட்டிஷ் தூதரகத்துக்குத்தானே?

1907-இல் பிரிட்டிஷ் வெளியுறவு அமைச்சராக இருந்த எட்வர்ட் கிரேயின் நிலையையும் பார்க்க வேண்டும். ஜெர்மனி வளர்ந்துகொண்டிருந்தது. ரஷ்யாவோடு ஆசியாவில் சண்டை போட்டுக்கொண்டே ஐரோப்பாவில் நட்பாக இருக்க முடியாது. ஒப்பந்தம் இல்லாவிட்டால் ரஷ்யா இன்னும் தெற்கே இறங்கியிருக்கும் என்றும் வாதிடலாம்.

நாணல்:

நீங்கள் சொன்ன ஒவ்வொரு சம்பவமும் சரி அச்சகத்தான். ஷஸ்டர் விஷயத்தில் மட்டும் ஒன்று சேர்க்கிறேன்: ரஷ்யா மிரட்டியபோது லண்டன் தடுக்கவில்லை, 1907 ஒப்பந்தம் கையைக் கட்டியிருந்தது.

தெஹ்ரானில் இருந்த பிரிட்டிஷ் தூதர் ஸ்பிரிங் ரைஸுக்கே இந்த ஒப்பந்தம் பிடிக்கவில்லை. பிரிவினை நோக்கம் எதுவும் இல்லை என்று 1907 செப்டம்பரில் ஈரான் அரசுக்கு எழுத்தில் உறுதி கொடுக்க வேண்டிய வேலை அவர் தலையில் விழுந்தது. கேம்பிரிட்ஜ் பேராசிரியர் எட்வர்ட் பிரவுன் பாரசீகக் குழு என்று ஒன்றை அமைத்துத் தன் அரசையே எதிர்த்து வருடக்கணக்கில் எழுதினார். ஆங்கிலேயர்களிலேயே இதைத் துரோகம் என்று சொன்னவர்கள் உண்டு.

1915-இல் ரஷ்யாவோடு ரகசியமாகப் பேசி, நடுவில் பொதுவாக விட்டிருந்த மண்டலத்தையும் பிரிட்டன் தன் பக்கம் சேர்த்துக்கொண்டது. எச்சரிக்கையாக நடந்துகொண்டவர்கள் செய்கிற காரியமா இது?

மல்லிகைப்பந்தல்:

பேச்சு முழுக்க ஆங்கிலேயர் என்ன செய்தார்கள் என்றே போகிறது. ஈரானியர் ஜெயித்த கதையையும் சொல்லுங்களேன்.

1890-இல் நாசிருத்தீன் ஷா ஈரானின் மொத்தப் புகையிலையையும் டால்பட் என்ற ஆங்கிலேயருக்கு ஐம்பது வருடத்துக்குக் கொடுத்தார். விளைவித்தவன் அவரிடம்தான் விற்க வேண்டும், புகைப்பவன் அவரிடம்தான் வாங்க வேண்டும். ஷாவுக்கு ஆண்டுக்கு 15,000 பவுண்டும் லாபத்தில் கால் பங்கும். ஹூக்கா இல்லாமல் ஒரு பேச்சுவார்த்தைகூட ஆரம்பிக்காத நாடு அது.

1891 டிசம்பரில் இன்றைய இராக்கின் சமாராவில் இருந்த ஷியா மதத்தலைவர் மிர்சா ஹசன் ஷிராஸி பெயரில் ஃபத்வா வந்தது, புகைப்பது மறைந்திருக்கும் இமாமுக்கு எதிராகப் போர் தொடுப்பதற்குச் சமம் என்று. நாடு முழுக்கப் புகை நின்றது. ஷாவின் அந்தப்புரத்துப் பெண்களே ஹூக்காவைத் தொடமாட்டோம் என்று நின்றார்கள். கணவன் உலகத்தையே ஆளட்டும், அடுப்படிக்குள் அவன் உத்தரவு செல்லவில்லை. 1892 ஜனவரியில் ஷா ஒப்பந்தத்தை ரத்து செய்தார்.

வருத்தம் என்னவென்றால், புகையிலைக் கம்பெனிக்கு நஷ்டஈடாக 5 லட்சம் பவுண்டு கொடுக்க வேண்டி வந்தது. அதையும் ஆங்கிலேயர் நடத்திய இம்பீரியல் வங்கியிடமே கடன் வாங்கித்தான் கொடுத்தார்கள். அங்கிருந்து வெளிநாட்டுக் கடன் கணக்கு ஆரம்பிக்கிறது. ஆனாலும், தெருவில் இறங்கினால் சலுகையைத் திரும்பப் பிடுங்க முடியும் என்று மக்கள் கற்றுக்கொண்டார்கள். நாணல் சொன்ன தோட்டத்துக்கு 1906-இல் நடந்து போன கால்கள் இங்கேதான் பழகின.

எண்ணெய்க்கிணறு:

முப்பது வருடம் வளைகுடாவில் சுத்திகரிப்பு ஆலைகளில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். ஆங்கிலேயர் எண்ணெய் சுத்திகரித்த ஆபாதான் நகரைப் பற்றிப் பேசாமல் இந்த இழை முடியக் கூடாது.

1901 மே 28: வில்லியம் டார்சி என்ற ஆங்கிலேயருக்கு எண்ணெய் எடுக்க அறுபது வருட உரிமம். வடக்கே ரஷ்யா கோபித்துக்கொள்ளும் என்று ஐந்து மாகாணத்தை விட்டுவிட்டு மற்ற நாடு முழுவதும், 4,80,000 சதுர மைல். விலை: 20,000 பவுண்டு ரொக்கம், 20,000 பவுண்டுக்குப் பங்குகள், நிகர லாபத்தில் 16 சதவீதம்.

ஏழு வருடம் ஒன்றும் கிடைக்கவில்லை, காசு தீர்ந்துகொண்டிருந்தது. 1908 மே 26 விடிகாலையில் மஸ்ஜித்-எ-சுலைமானில் எண்ணெய் பீறிட்டது. கிணற்றுக்குக் காவல் நின்றவர்கள் ஆர்னால்ட் வில்சன் என்ற அதிகாரியின் கீழ் இந்தியாவிலிருந்து போன சிப்பாய்கள். 1914-இல் பிரிட்டிஷ் அரசு 20 லட்சம் பவுண்டு போட்டு, அந்த எண்ணெயை எடுத்த ஆங்கிலோ-பெர்சியன் கம்பெனியில் பெரும்பான்மைப் பங்கை வாங்கியது. கப்பற்படை நிலக்கரியிலிருந்து எண்ணெய்க்கு மாறிக்கொண்டிருந்தது, சர்ச்சில் அதற்காகவே பேசி வாங்கினார். அதன்பின் கம்பெனி வேறு, அரசாங்கம் வேறு என்று ஈரானியன் எப்படிப் பிரித்துப் பார்ப்பான்?

லாபத்தில் பங்கு என்று கையெழுத்துப் போடுகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். லாபம் எவ்வளவு என்று கணக்கு எழுதுவது யார் என்பதுதான் முக்கியம். கம்பெனியின் கணக்குப் புத்தகத்தை ஈரான் தணிக்கை செய்ய முடியவில்லை. கப்பற்படைக்கு என்ன சலுகை விலைக்குப் போகிறது என்பதும் தெரியாது. 1933-இல் ரெஸா ஷா சத்தம் போட்டு முதல் உரிமத்தை ரத்து செய்து, பிறகு போட்ட புதிய ஒப்பந்தத்தில் காலக்கெடு 1993 வரை நீண்டுபோனது. 1950 வாக்கில், ஈரானுக்குக் கொடுத்த ராயல்டியைவிடப் பல மடங்கு அதிகமாக கம்பெனி லண்டனுக்கு வரி கட்டியது.

ஆபாதானில் அதிகாரிகளுக்குப் புல்வெளியோடு பங்களா, கிளப், நீச்சல்குளம். ஈரானியத் தொழிலாளி இருந்தது காகஸாபாத். காகித ஊர் என்று பெயர். துருப்பிடித்த எண்ணெய் டின்களைத் தட்டி நிமிர்த்திச் சுவராக வைத்த குடிசைகள். கோடையில் 50 டிகிரி தொடுகிற ஊர் அது. தகரக் கொட்டகைக்குள் மதிய ஷிஃப்ட் முடித்து வந்து படுத்தவனுக்குத்தான் அதன் அர்த்தம் தெரியும். ஆரம்ப நாட்களில் எனக்கும் அப்படியொரு கொட்டகை கிடைத்தது. இரும்புக் கட்டில் கால் சுடும், ஈரத்துணி போட்டுத்தான் உட்காருவோம். எனக்கு ஒரு கோடை. அவர்களுக்கு ஆயுள் முழுக்க.

பழையபேட்டை:

ஐயா, படிக்கும்போதே உடம்பு எரிகிறது. அப்படியென்றால் மக்களே நேரடியாக ஓட்டுப்போட்டுத் தேர்ந்தெடுத்த பிரதமர் மொசாதெக்கை 1953-இல் கவிழ்த்தது இந்த எண்ணெய்க்காகத்தான், இல்லையா?

கலங்கரை:

ஒரு சின்னத் திருத்தம். பிரதமரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கும் முறை அங்கே இல்லை. 1951 மார்ச்சில் மஜ்லிஸ் எண்ணெயை நாட்டுடைமையாக்க வாக்களித்தது, ஏப்ரல் இறுதியில் மஜ்லிஸின் விருப்பப்படி ஷா அவரைப் பிரதமராக நியமித்தார். மக்கள் ஆதரவு அலை அலையாக இருந்தது என்பதில் சந்தேகமில்லை. நுணுக்கத்தைத் தவறவிட்டால், ஆட்சிக்கவிழ்ப்பை நியாயப்படுத்துகிறவர்கள் அதைப் பிடித்துக்கொள்கிறார்கள், அதற்காகச் சொல்கிறேன்.

1919-ஐயும் சொல்லிவிடுகிறேன். ரஷ்யப் புரட்சி வந்து போட்டியாளன் ஒதுங்கியதும், பிரிட்டிஷ் வெளியுறவுப் பொறுப்பில் இருந்த கர்சன் ஈரானின் ராணுவத்தையும் நிதியையும் பிரிட்டிஷ் ஆலோசகர்கள் கையில் கொடுக்கும் ஒப்பந்தம் ஒன்றைத் தயாரித்தார். அதில் கையெழுத்திடப் பிரதமர் வுசூகுத்தௌலாவுக்கும் இரண்டு அமைச்சர்களுக்கும் 4 லட்சம் துமான் கைமாறியது. மஜ்லிஸ் அதைக் கடைசிவரை ஏற்கவே இல்லை. அச்சகத்தான், 1907-க்கு ரஷ்யாவைக் காரணம் காட்டினீர்கள். 1919-இல் சாருடைய ரஷ்யாவே இல்லையே?

அச்சகத்தான்:

நியாயமான கேள்வி. 1919-க்கு என்னிடம் பதில் இல்லை. அந்த இடத்தில் என் வாதத்தைத் திரும்பப் பெறுகிறேன். ஆனால் பணம் வாங்கிய கைகள் ஈரானியக் கைகள் என்பதையும் மறக்க வேண்டாம். 1890-இல் புகையிலையை விற்றதும் ஓர் ஈரானிய ஷாதான்.

மல்லிகைப்பந்தல்:

அதை ஈரானியர்களே மறக்கவில்லை. வுசூக் பெயர் அங்கே இன்றும் எந்தத் தொனியில் சொல்லப்படுகிறது என்று கேட்டுப் பாருங்கள்.

எண்ணெய்க்கிணறு:

1941 பற்றி இரண்டு வரி. ஆகஸ்ட் 25 அன்று வடக்கிலிருந்து சோவியத்தும் தெற்கிலிருந்து பிரிட்டனும் நடுநிலை நாடான ஈரானுக்குள் புகுந்தன. ஆபாதானைக் கைப்பற்றியது இந்தியப் படைப்பிரிவு. ரெஸா ஷா பதவி விலகி மொரிஷியஸுக்கு அனுப்பப்பட்டார். எனக்கு முன்னால் வேலை பார்த்த ஒரு வயதான ஈரானிய ஃபோர்மேன், இந்தியன் என்று தெரிந்ததும் முதல் கேள்வியாக "உன் தாத்தா சிப்பாயா?" என்று கேட்டார். இல்லை என்றதும்தான் டீ கொடுத்தார்.

நாணல்:

எல்லாரும் நிறையக் கொடுத்தீர்கள், நன்றி. 1953-ஐ நானே தொட்டுவிடுகிறேன்.

நாட்டுடைமைக்குப் பதிலாக பிரிட்டன் ஈரானிய எண்ணெயை யாரும் வாங்க விடாமல் செய்தது. 1952-இல் ரோஸ் மேரி என்ற கப்பல் எண்ணெய் ஏற்றிப் போனபோது ஏடனில் நிறுத்தி வைத்தார்கள். ஹேக் சர்வதேச நீதிமன்றம் வரை போனது வழக்கு. இதை விசாரிக்கும் அதிகாரம் எமக்கில்லை என்று 1952 ஜூலை 22 அன்று 9-க்கு 5 என்று தீர்ப்பு. அந்த ஒன்பது பேரில் ஒருவர் பிரிட்டிஷ் நீதிபதி மக்னேர். தன் நாட்டுக்கு எதிராக வாக்களித்தார். அவரைப் பற்றியும் கடைக்காரரிடம் சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

சட்டத்தில் தோற்றதும் சதி. அக்டோபரில் மொசாதெக் தூதரக உறவை முறித்து ஆங்கிலேயரை வெளியேற்றியதால், தங்கள் ஆட்களின் வலையை அமெரிக்கர்களிடம் ஒப்படைத்தார்கள். 1953 ஆகஸ்ட் 15 இரவு முதல் முயற்சி தோற்று, ரெஸா ஷாவின் மகனான அன்றைய ஷா ஓடிவிட்டார். 19-ஆம் தேதி இரண்டாவது முயற்சி பலித்தது. மொசாதெக்குக்கு மூன்று வருடச் சிறை, பிறகு 1967-இல் சாகும்வரை அஹ்மதாபாத் கிராமத்து வீட்டில் காவல். ஆட்சிக்கவிழ்ப்புக்கு அடுத்த வருடமே, ஈரானிய எண்ணெயை எடுக்க அமைத்த புதிய கூட்டமைப்பில் பழைய கம்பெனிக்கு 40 சதவீதம் கிடைத்தது. பெயரையும் பிரிட்டிஷ் பெட்ரோலியம் என்று மாற்றிக்கொண்டது.

பழையபேட்டை:

டாங்கி விவகாரமும் இதே வரிசைதானே? ஷா காலத்தில் பணம் வாங்கிக்கொண்டு, 1979 புரட்சிக்குப் பிறகு பிரிட்டிஷ் சீஃப்டன் டாங்கிகளைக் கொடுக்காமல் விட்டார்கள். ஏறத்தாழ 40 கோடி பவுண்டை 2022 மார்ச்சில்தான் திருப்பிக் கொடுத்தார்கள்.

நாணல்:

ஆமாம் ஐயா. ஈரான் பக்கம் செய்ததையும் எழுத வேண்டும். தெஹ்ரான் சிறையில் பல வருடம் சிக்கியிருந்த ஈரானிய-பிரிட்டிஷ் பெண் நாஸனின் சகாரி-ராட்கிளிஃப் வீடு திரும்பியது அதே நாட்களில்தான். ஒரு தாயைக் குழந்தையிடமிருந்து பிரித்து வைத்ததற்கு எந்தப் பழைய வரலாறும் நியாயம் ஆகாது. 2011 நவம்பரில் கூட்டம் சுவரேறிக் குதித்துச் சூறையாடியதும், 1906-இல் கூடாரம் போட்ட அதே தூதரக வளாகத்தைத்தான்.

இன்று மாலை கடைக்குப் போயிருந்தேன். 1906 அடைக்கலத்தின் பழைய புகைப்படத்தை அவரிடம் கைப்பேசியில் காட்டினேன். கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு, இரண்டு விரலால் படத்தைப் பெரிதாக்கினார். கூடாரங்களைப் பார்க்கவில்லை, நேராக அண்டாக்களுக்குப் போய்விட்டார். ஒவ்வொன்றாக விரல் வைத்து எண்ணினார். மொஹர்ரத்தில் லார் வீதியில் நேர்ச்சைச் சோறு பொங்க இதே அண்டாவைத்தான் எடுப்போம், நாலு பேர் சேர்ந்தால்தான் இறக்க முடியும் என்றார். அன்றைக்கு அவர் இங்கிலீஷ்காரனைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. படத்தைத் தன் கைப்பேசிக்கு அனுப்பச் சொன்னார், அனுப்பிவிட்டு வந்தேன்.